விடுதலைத் தீர்ப்புக்குப் பிறகு அப்பீல்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கீழ் நீதிமன்றம் எதிரியை, அதாவது குற்றம் சாட்டப்பட்டவரை, விடுதலை செய்த பிறகு வரும் அப்பீல் வழக்குகளில்தான் எனக்குப் பெரும்பாலும் வேலை. தேடி வருகிறவர்கள் இரண்டு தரப்பு. வீட்டில் ஒருவரைப் பறிகொடுத்து, அதற்குக் காரணம் என்று தாங்கள் நம்புகிறவர்கள் மாலையும் வெடியுமாக ஊருக்குள் திரும்பியதைப் பார்த்துவிட்டு வருகிறவர்கள் ஒரு தரப்பு. வழக்கு ஒழிந்தது என்று நிம்மதியாக இருந்தபோது உயர் நீதிமன்ற நோட்டீஸ் வந்து, பதறிப்போய் வருகிறவர்கள் இன்னொரு தரப்பு. இரு தரப்பும் கேட்பவை ஏறக்குறைய ஒரே கேள்விகள். அவற்றை இங்கே தொகுத்திருக்கிறேன்.

ஒரு குறிப்பு. 2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா நடைமுறையில் இருக்கிறது. இந்த விஷயத்தில் சட்டம் பெரிதாக மாறவில்லை, பிரிவு எண்கள்தான் மாறியிருக்கின்றன. அதனால் பழைய எண்ணை முதலிலும் புதிய எண்ணை அடுத்தும் தருகிறேன். அன்றைக்கு நிலுவையில் இருந்த அப்பீல்கள் பழைய சட்டப்படியே நடக்கின்றன.

கோர்ட்டே நிரபராதி என்று விட்டுவிட்டது. அதற்கு மேலும் அப்பீல் போக முடியுமா?

முடியும். பிரிவு 378, புதிய சட்டத்தில் 419, இதற்கென்றே இருக்கிறது. 1872-ஆம் ஆண்டு நடைமுறைச் சட்டத்திலேயே விடுதலையை எதிர்த்து அரசு அப்பீல் போக வழி வைத்திருந்தார்கள். அமெரிக்காவில் விடுதலை என்றால் அத்தோடு முடிந்தது. இந்தியாவில் அப்படி இல்லை.

அப்பீல் நீதிமன்றத்துக்குப் பிரிவு 386, புதிய 427 தரும் அதிகாரம் பெரியது. விடுதலையை ரத்து செய்யலாம், மேல்விசாரணைக்கோ மறுவிசாரணைக்கோ உத்தரவிடலாம், தானே குற்றவாளி என்று முடிவு செய்து தண்டனையும் விதிக்கலாம். அதிகாரம் இவ்வளவு பெரியது என்பதால்தான் அதைப் பயன்படுத்துவதற்குக் கடுமையான வரம்புகளை நீதிமன்றங்கள் தங்களுக்குத் தாங்களே வகுத்துக்கொண்டிருக்கின்றன.

ஒரே குற்றத்துக்கு இரண்டு முறை விசாரிக்கக் கூடாது என்று அரசியல் சாசனமே சொல்கிறதே?

சாசனத்தின் 20(2)-ஆம் கூறு சொல்வது, ஒரே குற்றத்துக்காக ஒருவர் மேல் வழக்குத் தொடர்ந்து ஒரு முறைக்கு மேல் தண்டிக்கக் கூடாது என்பது. நடைமுறைச் சட்டத்தின் 300, புதிய 337, அதைவிட ஒரு படி மேலே போய், விடுதலையானவரையும் மறுபடி விசாரிக்கக் கூடாது என்கிறது. ஆனால் அந்த விடுதலை “நடப்பில் இருக்கும்வரை” என்ற நிபந்தனையோடுதான் அப்படிச் சொல்கிறது.

அப்பீல் என்பது புது வழக்கு அல்ல. அதே வழக்கின் அடுத்த கட்டம். அப்பீலில் விடுதலை ரத்தானால் அது நடப்பில் இல்லை, பாதுகாப்பும் இல்லை. அப்பீல் காலம் கடந்து யாரும் எதுவும் செய்யாமல் விட்டுவிட்டால் அந்த விடுதலை அசையாமல் நிற்கும். பிறகு அதே குற்றத்துக்குப் புதிதாக முதல் தகவல் அறிக்கை போட்டு ஆரம்பத்திலிருந்து தொடங்க முடியாது.

யார் அப்பீல் செய்யலாம்? போலீஸ் நேரடியாகப் போடலாமா?

போலீஸ் தானாகப் போட முடியாது. பிணையில் விட முடியாத, பிடிவாரண்டு இல்லாமலே கைது செய்யத்தக்க குற்றத்தில் மாஜிஸ்திரேட் விடுதலை செய்தால், மாவட்ட மாஜிஸ்திரேட் என்ற முறையில் ஆட்சியர் உத்தரவிட, அரசு வழக்கறிஞர் செஷன்ஸ் நீதிமன்றத்தில் அப்பீல் தாக்கல் செய்வார். கொலை போன்ற செஷன்ஸ் வழக்குகளில் மாநில அரசு முடிவெடுத்து உயர் நீதிமன்றத்துக்குப் போகும். அந்த முடிவுக்கு முன்னால் கோப்பு பல மேசைகளைக் கடக்க வேண்டும். விசாரணை நடத்திய அரசு வழக்கறிஞரின் கருத்து அதில் முக்கியமான தாள்.

சி.பி.ஐ. போன்ற மத்திய அமைப்பு புலன்விசாரணை செய்த வழக்கு என்றால் மத்திய அரசின் உத்தரவு வேண்டும். லாலு பிரசாத், ராப்ரி தேவி இருவரும் சொத்துக்குவிப்பு வழக்கில் விடுதலையானபோது பீகார் அரசு அப்பீல் போனது. சி.பி.ஐ. விசாரித்த வழக்கில் மாநில அரசுக்கு அந்த உரிமை இல்லை என்று 2010-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

அரசு அப்பீல் போகவில்லை. செத்தவர் எங்கள் வீட்டுப் பிள்ளை. நாங்கள் கையைக் கட்டிக்கொண்டு நிற்க வேண்டியதுதானா?

இல்லை. இதை எத்தனை பேரிடம் சொன்னாலும் எனக்கு அலுக்காது. 2009 டிசம்பர் 31 முதல் பிரிவு 372-ல் ஒரு வரம்புரை (பொது விதிக்கு விலக்குச் சொல்லும் துணைவிதி) இருக்கிறது. புதிய சட்டத்தில் அது 413. பாதிக்கப்பட்டவர் தானே அப்பீல் செய்யலாம். உயிரிழந்தவரின் சட்டப்படியான வாரிசும் பாதிக்கப்பட்டவரே. விடுதலையை எதிர்த்து மட்டும் அல்ல, கொலைக்குப் பதிலாகச் சிறிய குற்றத்தில் தண்டித்திருந்தாலும், இழப்பீடு போதவில்லை என்றாலும் போகலாம். தண்டனை ஆண்டுகள் குறைவு என்பதற்காக மட்டும் போக முடியாது. அது அரசின் கையில்தான் இருக்கிறது.

அரசு அப்பீல் செய்ய உயர் நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். பாதிக்கப்பட்டவருக்கு அது வேண்டாம் என்று 2018 அக்டோபரில், கர்நாடகத்தில் இருந்து போன மல்லிகார்ஜுன் கோடகலி வழக்கில், உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. அரசைவிடப் பாதிக்கப்பட்டவருக்கு இங்கே கதவு அகலமாகத் திறந்திருக்கிறது என்று பொருள். இருந்தும் பல குடும்பங்கள் “கவர்மென்ட் பார்த்துக்கொள்ளும்” என்று வக்கீல் குமாஸ்தா சொன்னதை நம்பி ஆண்டுக்கணக்கில் உட்கார்ந்திருக்கின்றன. அரசின் கோப்பு எங்கே நிற்கிறது என்று அவர்களிடம் யாரும் வந்து சொல்லப்போவதில்லை.

செக் திரும்பிய வழக்கில் எதிரி விடுதலை. நான் பாதிக்கப்பட்டவனா, வெறும் புகார்தாரனா?

தனிப்புகாரில் தொடங்கிய வழக்கு என்றால் புகார்தாரர் 378(4)-ன் கீழ் உயர் நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி கேட்டுத்தான் அப்பீல் போக வேண்டும் என்பதே நெடுங்கால நடைமுறை. 2025-ல், சென்னை உயர் நீதிமன்றத்தில் இருந்து போன ஒரு வழக்கில், செக் வழக்கின் புகார்தாரரும் பாதிக்கப்பட்டவர்தான், அவர் 372 வரம்புரையின் வழியே அனுமதி இல்லாமலே போகலாம் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எந்த வழியில் போகிறீர்கள் என்பதைப் பொறுத்து எந்த நீதிமன்றம் என்பதும் மாறும். தாக்கல் செய்யும் நாளில் உள்ள நிலவரத்தை உங்கள் வழக்கறிஞரிடம் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்.

எத்தனை நாளுக்குள் போட வேண்டும்?

அரசுக்கு 90 நாள். தனிப்புகார் வழக்கில் சிறப்பு அனுமதி கேட்க, புகார்தாரர் பொது ஊழியர் என்றால் 6 மாதம், மற்றவர்களுக்கு 60 நாள். பாதிக்கப்பட்டவரின் அப்பீலுக்கு அந்த வரம்புரையிலேயே நாள் குறிக்கப்படவில்லை. அவகாசம் நிறைய இருக்கிறது என்று அதற்குப் பொருள் எடுத்துக்கொள்ளாதீர்கள். 30 நாள்தான் இருக்கிறது என்று நினைத்து வேலை செய்யுங்கள்.

தீர்ப்பு சொன்ன அன்றே நகல் மனு போடுங்கள். நகல் தயாராக எடுத்துக்கொண்ட நாட்கள் கணக்கில் கழிந்துவிடும். அதற்கு நகலின் முத்திரையில் உள்ள தேதிகள்தான் சான்று. தாமதமானால் மன்னிக்கக் கோரி மனு போடலாம். காரணத்தை நாள்வாரியாகச் சொல்ல வேண்டும்.

அப்பீலுக்கே அனுமதி வேண்டும் என்றால், அந்த அனுமதி கிடைப்பதே வெற்றிதானே?

அனுமதி என்பது “வாதம் கேட்கும் அளவுக்கு இதில் விஷயம் இருக்கிறது” என்ற அளவில்தான். 2ஜி வழக்கைப் பாருங்கள். ஆ. ராசா, கனிமொழி உள்ளிட்டோரை டெல்லி சிறப்பு நீதிமன்றம் 2017 டிசம்பர் 21 அன்று விடுதலை செய்தது. 2018 மார்ச்சில் சி.பி.ஐ.யும் அமலாக்கத் துறையும் உயர் நீதிமன்றம் போயின. சி.பி.ஐ.க்கு அப்பீல் அனுமதி கிடைத்ததே 2024 மார்ச் 22 அன்றுதான். ஆறு ஆண்டுகள் கடந்தது இந்த வாசற்படியில் மட்டும். அன்றைய தலைப்புச் செய்திகளைப் பார்த்துவிட்டு, தீர்ப்பே மாறிவிட்டது போலப் பேசியவர்கள் உண்டு. விடுதலை அன்றும் அப்படியேதான் இருந்தது.

உயர் நீதிமன்றத்தில் சாட்சிகளை மறுபடி கூண்டில் ஏற்றுவார்களா?

பொதுவாக இல்லை. கீழ் நீதிமன்றத்தில் பதிவான சாட்சியம், குறியீடு செய்த (சான்றாக ஏற்று எண் இட்ட) ஆவணங்கள், தீர்ப்பு எல்லாம் தட்டச்சுத் தொகுப்பாக நீதிபதிகள் முன் இருக்கும். வழக்கறிஞர்கள் அதை வைத்துத்தான் வாதிடுவார்கள். சாட்சி பதில் சொல்லத் தயங்கியதையோ, எதிரியைப் பார்த்ததும் குரல் உடைந்ததையோ அந்தத் தாள்கள் காட்டாது. விசாரணை நீதிபதி அதைக் கண்ணால் பார்த்தவர். அவர் கருத்துக்கு மதிப்புக் கொடுப்பதற்கு இது ஒரு முக்கியக் காரணம்.

நேரில் பார்த்த சாட்சி இரண்டு பேர் இருக்கிறார்கள். அப்படியும் அரசு அப்பீல் தள்ளுபடி. இது எப்படி நியாயம்?

எல்லாக் கேள்விகளிலும் கனமானது இதுதான். கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

1934-ல் ஷியோ ஸ்வரூப் வழக்கில் லண்டன் பிரிவி கவுன்சில் வகுத்த நெறி இன்றும் அடித்தளம். உயர் நீதிமன்றம் சாட்சியம் முழுவதையும் மறுபடி எடைபோடலாம். ஆனால் நான்கை மனத்தில் வைத்துத்தான் எடைபோட வேண்டும்: சாட்சிகளின் நம்பகத்தன்மை பற்றி விசாரணை நீதிபதி கொண்ட கருத்து, எதிரி நிரபராதி என்ற, விடுதலையால் பலவீனமாகாத அனுமானம், சந்தேகத்தின் பலன் எதிரிக்கு என்பது, சாட்சியை நேரில் பார்த்தவரின் முடிவை எளிதில் கலைக்கக் கூடாது என்ற தயக்கம். 2007-ல் சந்திரப்பா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தொகுத்து, விடுதலையானவருக்கு இரட்டைப் பாதுகாப்பு என்றது. எல்லோருக்கும் உள்ள நிரபராதி அனுமானம் ஒன்று. ஒரு நீதிமன்றமே விசாரித்து விடுவித்ததால் அது மேலும் வலுப்பட்டிருப்பது இன்னொன்று. சாட்சியத்தில் இருந்து நியாயமான இரண்டு முடிவுகளுக்கு வர முடிந்தால், விடுதலைப் பக்கம் உள்ளதை உயர் நீதிமன்றம் கலைக்கக் கூடாது.

இதைக் கற்பனையான ஒரு கொலை வழக்கில் வைத்துப் பாருங்கள். வழக்குக் கட்டுகளில் இதுபோல நிறைய இருக்கும். இரவு 9 மணி, தெருமுனை. பார்த்தவர்கள் இருவர், தெருவிளக்கு வெளிச்சத்தில் அடையாளம் தெரிந்தது என்கிறார்கள். சம்பவ இடத்தைப் பார்த்து இன்ஸ்பெக்டர் எழுதிய குறிப்பான பார்வை மகஜரிலும் மாதிரி வரைபடத்திலும் விளக்குக் கம்பமே இல்லை. இரவு 10 மணிக்குப் பதிவானதாகச் சொல்லும் முதல் தகவல் அறிக்கை, நடந்து போகிற தூரத்தில் இருக்கும் மாஜிஸ்திரேட்டிடம் மறுநாள் பிற்பகல் 2 மணிக்குப் போயிருக்கிறது. அவர் கையெழுத்தோடு நேரத்தையும் எழுதியிருக்கிறார். இந்த இடைவெளியில் யோசித்துப் பெயர்களைச் சேர்த்தார்களோ என்று விசாரணை நீதிபதிக்குச் சந்தேகம் வருகிறது. விடுதலை செய்கிறார். அப்பீலில் உட்காரும் நீதிபதிக்கு, “கம்பத்தை வரைய விட்டுப்போயிருக்கும், காவலர் அசட்டையாக இருந்திருப்பார்” என்று தோன்றலாம். அது போதாது. விசாரணை நீதிபதியின் சந்தேகமும் நியாயமானதுதான் என்றால் விடுதலை நிற்கும்.

அதே வழக்கில் ஒன்றை மட்டும் மாற்றுவோம். பார்த்த இருவரில் ஒருவருக்குக் கையில் வெட்டு. இரவு 10:15-க்கு அரசு மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டில், தெரிந்த இன்னார் வெட்டியதாக அவர் சொன்னது பதிவாகியிருக்கிறது. மருத்துவர் சாட்சி சொல்லி, அந்தப் பதிவேடும் குறியீடு செய்யப்பட்டிருக்கிறது. தீர்ப்பில் இது பற்றி ஒரு வரிகூட இல்லை. காயம்பட்ட சாட்சியை, செத்தவரின் தம்பி என்ற ஒரே காரணத்துக்காகத் தள்ளியிருக்கிறார்கள். இப்போது இது இரண்டு நியாயமான கருத்துகளில் ஒன்று அல்ல. முக்கியமான சாட்சியத்தைப் பார்க்காமலே எழுதிய தீர்ப்பு. உயர் நீதிமன்றம் கைவைப்பது இப்படிப்பட்ட இடத்தில்தான்.

பிள்ளையை இழந்தவர்களிடம் முதல் வகைக் கட்டை விரித்து வைத்து இதைச் சொல்வது எளிதல்ல. ஆனாலும் இந்த நெறி சரியென்றே நான் நினைக்கிறேன். கம்பம் இல்லாத வரைபடமும், மறுநாள் போய்ச் சேர்ந்த முதல் தகவல் அறிக்கையும் காவல் நிலையத்தில் நேர்ந்த கோளாறுகள். அந்தக் கோளாறுக்கு ஈடாக ஒருவரை ஆயுளுக்கும் உள்ளே வைக்க முடியாது. கோபம் போய்ச் சேர வேண்டிய இடம் அப்பீல் நீதிமன்றம் அல்ல, புலன்விசாரணை.

அப்படியானால் எப்போதுதான் மாற்றுவார்கள்? மாற்றிய வழக்குகள் உண்டா?

2024 ஏப்ரலில், கர்நாடகத்தில் இருந்து போன ஒரு கொலை வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைச் சுருக்கமாகச் சொன்னது. தீர்ப்பு வெளிப்படையாகவே முரணானதாக இருக்க வேண்டும். முக்கியச் சாட்சியத்தைத் தவறாகப் படித்தோ விட்டுவிட்டோ எழுதியதாக இருக்க வேண்டும். சாட்சியத்தில் இருந்து குற்றம் ஒன்றைத் தவிர வேறு நியாயமான முடிவுக்கு வர முடியாததாக இருக்க வேண்டும். விடுதலையை மாற்றும் உயர் நீதிமன்றம் இவற்றைக் காரணத்தோடு தன் தீர்ப்பில் எழுதவும் வேண்டும். “எங்களுக்கு வேறு மாதிரித் தோன்றுகிறது” என்று எழுதிய தீர்ப்புகள் உச்ச நீதிமன்றத்தில் ரத்தாகிவிடுகின்றன.

மாறிய வழக்குகள் உண்டு. 1996-ல் டெல்லியில் சட்டக் கல்லூரி மாணவி ஒருவர் கொல்லப்பட்ட வழக்கில், கொன்றவர் இவர்தான் என்று தமக்குத் தெரிந்தாலும் விடுவிக்க வேண்டியிருக்கிறது என்ற தொனியில் எழுதி, 1999-ல் விசாரணை நீதிபதி விடுதலை செய்தார். 2006-ல் டெல்லி உயர் நீதிமன்றம் மரபணுச் சோதனை முடிவு உட்படச் சாட்சியத்தை மறுபடி எடைபோட்டு மரண தண்டனை விதித்தது. 2010-ல் உச்ச நீதிமன்றம் குற்றத்தை உறுதி செய்து தண்டனையை ஆயுளாகக் குறைத்தது. 1984 சீக்கியர் படுகொலை வழக்கு ஒன்றில் 2013-ல் விடுதலையான காங்கிரஸ் தலைவர் சஜ்ஜன் குமாருக்கு 2018 டிசம்பர் 17 அன்று அதே உயர் நீதிமன்றம் வாழ்நாள் முழுவதும் சிறை விதித்தது. அந்த அமர்வில் இருந்த நீதிபதி எஸ். முரளிதர் சென்னையில் வழக்கறிஞர் தொழிலைத் தொடங்கியவர். சம்பவம் நடந்து 34 ஆண்டுகள். கணவனையும் மகனையும் இழந்த பெண் அத்தனை ஆண்டுகளும் சாட்சியாக நின்றார்.

பத்திரிகையும் ஊரும் கொதித்தால் தீர்ப்பு மாறுமா?

ஜெசிகா லால் வழக்கை வைத்துத்தான் எல்லோரும் இதைக் கேட்கிறார்கள். 2006 பிப்ரவரியில் 9 பேரும் விடுதலை, நாடே கொதித்தது, அதே ஆண்டு டிசம்பரில் மனு சர்மா குற்றவாளி என்று உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அப்பீல் வேகமாகப் பட்டியலுக்கு வந்ததில் அந்தக் கொதிப்புக்குப் பங்கு இருந்திருக்கும். ஆனால் உயர் நீதிமன்றம் தண்டித்தது 9 பேரில் 3 பேரைத்தான். கட்டில் சாட்சியம் இல்லாதவர்களை எந்தக் கொதிப்பும் உள்ளே தள்ளவில்லை. 2010-ல் தண்டனையை உறுதி செய்த உச்ச நீதிமன்றம், ஊடகங்களே விசாரணை நடத்துவதன் ஆபத்தைப் பற்றியும் எச்சரித்தது.

முக்கிய சாட்சிகள் எல்லாம் பிறழ் சாட்சியாகிவிட்டார்கள். அப்பீல் போட்டு என்ன பயன்?

பிறழ் சாட்சி சொன்னது முழுவதும் குப்பைக்குப் போகாது. வேறு ஆதாரத்தோடு பொருந்தும் பகுதியை நீதிமன்றம் எடுத்துக்கொள்ளலாம். அரசு வழக்கறிஞர் கேட்கும் முதல் விசாரணையில் நடந்ததைச் சரியாகச் சொல்லி, பல மாதம் கழித்து நடந்த குறுக்கு விசாரணையில் மாறிய சாட்சி என்றால் இது மிக முக்கியம். உங்கள் கட்டில் அந்த இரண்டு தேதிகளையும் முதலில் பாருங்கள்.

விசாரணையே நாடகம் என்றால் மறுவிசாரணை உண்டு. 2002 மார்ச் 1 அன்று வடோதராவில் 14 பேர் கொல்லப்பட்ட பெஸ்ட் பேக்கரி வழக்கில், சாட்சிகள் பிறழ்ந்து 21 பேரும் விடுதலையானார்கள். குஜராத் உயர் நீதிமன்றமும் அதை ஏற்றது. 2004 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்து, குஜராத்துக்கு வெளியே, மகாராஷ்டிரத்தில் மறுவிசாரணை நடத்தச் சொன்னது. 2006-ல் மும்பையில் 9 பேருக்கு ஆயுள் தண்டனை. 2012-ல் மும்பை உயர் நீதிமன்றம் அதில் 5 பேரை விடுவித்தது. மறுவிசாரணை மிக அரிது. அரசுத் தரப்பு விட்ட ஓட்டைகளை அடைத்துக்கொள்ள அதைக் கேட்டால் கிடைக்காது.

தீர்ப்புக்குப் பிறகு புதிய ஆதாரம் கிடைத்திருக்கிறது. அப்பீலில் சேர்க்கலாமா?

பிரிவு 391, புதிய 432 அதற்கு வழி தருகிறது. நீதிக்கு அவசியம் என்று அப்பீல் நீதிமன்றத்துக்குப் பட வேண்டும்.

இதற்கு ஹாஷிம்புராவை எப்போதும் சொல்வேன். 1987 மே 22 அன்று மீரட்டில், உத்தரப் பிரதேச ஆயுதப்படைக் காவலர்கள் முஸ்லிம் ஆண்களை லாரியில் ஏற்றிக்கொண்டு போய், சுமார் 40 பேரைச் சுட்டுக் கால்வாயிலும் ஆற்றிலும் வீசினார்கள். படுகொலை நடந்தது உறுதி, ஆனால் லாரியில் இருந்த காவலர்கள் இவர்கள்தான் என்று நிரூபிக்கப்படவில்லை என்று சொல்லி, 2015-ல் விசாரணை நீதிமன்றம் 16 பேரையும் விட்டது. அப்பீலின்போது, எந்தக் காவலர் எந்தப் பணியில் இருந்தார் என்று காட்டும் காவல் துறையின் பழைய பொது நாட்குறிப்பைக் கூடுதல் சாட்சியமாகச் சேர்க்க டெல்லி உயர் நீதிமன்றம் அனுமதித்தது. 2018 அக்டோபர் 31 அன்று 16 பேருக்கும் ஆயுள் தண்டனை. 31 ஆண்டுகள் அலமாரியில் கிடந்த பதிவேடு அது.

அப்பீல் போட்டுவிட்டார்கள். என்னை மறுபடி கைது செய்வார்களா?

உயர் நீதிமன்றம் பிடிவாரண்டு பிறப்பிக்கவும், அப்பீல் முடியும்வரை சிறையில் வைக்கவும், ஜாமீனில் விடவும் பிரிவு 390, புதிய 431 அதிகாரம் தருகிறது. நடைமுறையில் ஜாமீன்தான் வழக்கம். விடுதலையாகும்போதே, மேல் நீதிமன்றம் அழைத்தால் வருவேன் என்று 6 மாதத்துக்குச் செல்லும் பத்திரம் எழுதிக் கொடுத்திருப்பீர்கள். நோட்டீஸ் வந்தால் ஒளியாதீர்கள்; வக்கீல் வைத்து ஆஜராகுங்கள். வீடு மாறியிருந்தால் முகவரியைத் தெரிவியுங்கள். நோட்டீஸ் திரும்பிப் போய், வாரண்டு வந்து கைதானவர்களின் கதை எல்லாம் இந்த அசட்டையில் தொடங்கியதுதான்.

விடுதலைக்குத் தடை விதிப்பது வேறு. 2006 மும்பை ரயில் குண்டுவெடிப்பு வழக்கில் 12 பேரையும் மும்பை உயர் நீதிமன்றம் 2025 ஜூலை 21 அன்று விடுவித்தது. மூன்றே நாளில் உச்ச நீதிமன்றம் தடை விதித்தது. ஆனால் அந்தத் தீர்ப்பை மற்ற வழக்குகளில் முன்னுதாரணமாகக் காட்டக் கூடாது என்ற அளவில்தான். வெளியே வந்தவர்கள் சிறைக்குத் திரும்ப வேண்டியதில்லை என்றது.

கீழ்க்கோர்ட்டில் விடுதலை, உயர் நீதிமன்றத்தில் முதல் முறையாகத் தண்டனை. எனக்கு அப்பீல் உரிமை இல்லையா?

விடுதலையை மாற்றி மரண தண்டனையோ, ஆயுளோ, 10 ஆண்டோ அதற்கு மேலோ விதித்தால், உச்ச நீதிமன்றத்தில் அப்பீல் உங்கள் உரிமை. யார் அனுமதியும் வேண்டாம். பிரிவு 379, புதிய 420. அதற்குக் குறைந்த தண்டனை என்றால் சாசனத்தின் 136-ஆம் கூற்றின் கீழ் சிறப்பு அனுமதி கேட்க வேண்டும். முதல் முறையாகத் தண்டிக்கப்படுகிறவருக்கு எந்தத் தண்டனையானாலும் ஓர் அப்பீல் உரிமையாகவே இருக்க வேண்டும் என்பது என் கருத்து. சட்டம் இன்னும் அங்கே வரவில்லை.

தண்டனை பற்றி உங்கள் தரப்பைக் கேட்காமல் தண்டிக்கவும் முடியாது. அமைச்சராக இருந்த பொன்முடியின் சொத்துக்குவிப்பு வழக்கில் 2016-ல் விழுப்புரம் சிறப்பு நீதிமன்றம் விடுவித்ததை, 2023 டிசம்பர் 19 அன்று சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. அவரும் மனைவியும் நேரில் வந்து சொன்னதைக் கேட்டபின் டிசம்பர் 21 அன்றுதான் 3 ஆண்டுச் சிறையை அறிவித்தது. அவர் பதவி போயிற்று. 2024 மார்ச் 11 அன்று குற்றத்தீர்ப்பை உச்ச நீதிமன்றம் நிறுத்திவைத்தபின் மறுபடி அமைச்சரானார். மேலே சொன்ன படிகள் எல்லாம் ஒரே வழக்கில் அடுத்தடுத்து நடந்ததைப் பார்க்க இதைவிட நல்ல உதாரணம் இல்லை.

அப்பீலுக்குப் பதில் சீராய்வு மனு போட்டால் சுலபம் என்கிறார்களே?

சீராய்வு என்பது கீழ் நீதிமன்ற உத்தரவு சட்டப்படி சரியா என்று மேல் நீதிமன்றம் பார்ப்பது. அதில் விடுதலையைத் தண்டனையாக மாற்ற முடியாது. பிரிவு 401(3), புதிய 442, நேரடியாகவே தடுக்கிறது. அதிகபட்சம் மறுவிசாரணைக்கோ, அப்பீலை மறுபடி கேட்கவோ திருப்பி அனுப்பலாம். அப்பீல் உரிமை உள்ளவர் அதை விட்டுவிட்டுச் சீராய்வு கேட்கவும் கூடாது. தமிழ்நாட்டில் இருந்து போன ஒரு வழக்கில், சீராய்விலேயே தண்டனை வழங்கிய உயர் நீதிமன்ற உத்தரவை 2022 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்து, பாதிக்கப்பட்டவர்கள் அப்பீல்தான் போட்டிருக்க வேண்டும் என்றது. அந்தக் குடும்பத்துக்கு எத்தனை ஆண்டுகள் வீண்!

நீதிமன்றம் குற்றச்சாட்டு வனையும் (முறைப்படி எழுதிப் பதியும்) முன்பே வழக்கில் இருந்து விடுவிப்பது இதில் சேராது. அது விடுதலை அல்ல. அதற்குச் சீராய்வுதான் வழி.

அப்பீல் நடக்கும்போதே எதிரி இறந்துவிட்டால்?

விடுதலைக்கு எதிரான அப்பீல் அவரைப் பொறுத்தவரை அற்றுப்போகும். பிரிவு 394, புதிய 435. ஜெயலலிதா சொத்துக்குவிப்பு வழக்கில் 2014 செப்டம்பரில் பெங்களூரு சிறப்பு நீதிமன்றம் நால்வரையும் தண்டித்தது. 2015 மே மாதம் கர்நாடக உயர் நீதிமன்றம் விடுவித்தது. கர்நாடக அரசு உச்ச நீதிமன்றம் போனது. 2016 டிசம்பர் 5 அன்று ஜெயலலிதா மறைந்தார். 2017 பிப்ரவரி 14 அன்று விடுதலை ரத்தாகி, சசிகலா, இளவரசி, சுதாகரன் மூவரும் சிறை சென்றார்கள். ஜெயலலிதா மீதான அப்பீல் மட்டும் அற்றுப்போனது. மேல்முறையீட்டில் கிடைத்த விடுதலையையும் அதற்கு மேலே மாற்றலாம் என்பதற்கும் இதுவே பதில்.

அப்பீல் போட்ட பாதிக்கப்பட்டவர் இறந்தால் அது அற்றுப்போகாது. அவருடைய வாரிசு தொடரலாம் என்று 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது.

வக்கீல் வைக்கப் பணமில்லை. இதெல்லாம் வசதியானவர்களுக்குத்தானே?

1987-ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் கீழ் அப்பீலுக்கும் இலவசமாக வழக்கறிஞர் கிடைப்பார். பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், காவலில் இருப்பவர் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்ப்பதில்லை. கணவனை இழந்த பெண்ணோ, மகனை இழந்த தாயோ மனுதாரர் என்றால் அந்த ஒன்றே தகுதி. மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். சென்னை உயர் நீதிமன்றத்துக்கும் மதுரைக் கிளைக்கும் தனித்தனிக் குழுக்கள் உண்டு.

போகும்போது தீர்ப்பின் சான்றிட்ட நகல், முதல் தகவல் அறிக்கை, சாட்சியங்களின் நகல், வாரிசுச் சான்றிதழ் எடுத்துப் போங்கள். எல்லாம் கிடைக்கும்வரை காத்திருக்க வேண்டாம். தீர்ப்பு நகலும், மீதிக்கு விண்ணப்பித்த ரசீதும் இருந்தால் மனு எழுதிக் கொடுக்கலாம்.